ஈவு

செவ்வாய்க்கிழமை பத்தரைக்கு
உடையார்கட்டுச் சந்தியால் திரும்பிப்
புழுதியோடு வருவான் லோன் பெடியன்.
அதற்கு முன்னம் நான் கணக்கை முடிக்கவேணும்.
என்னைத் தலைவியாக்கினது வேறொன்றுக்குமில்லை,
ஒன்பதாம் ஆண்டில் கணிதத்துக்கு
எண்பத்தொன்று எடுத்தபடியால்.

குழுவின் கிழமைக் கட்டு ஆறாயிரம்.
கொப்பியில் அதற்கு முன்னால் சின்னக் கோடொன்று கீறுவேன்.
சய ஆறாயிரம்.
"உதென்னடி, ஈர்க்குத் துண்டுமாதிரி?" என்றாள் ஜசிந்தா.
இல்லாத காசு என்றேன்.
"இல்லாததை ஏன் எழுதுறாய்?"
இல்லாததைத்தானே ஜசிந்தா கட்டுறம்.

ஐந்தால் வகுத்தேன்.
இல்லாத ஆறாயிரத்தை ஐந்து சமகூறாக்கினால்
ஆளுக்கு இல்லாத ஆயிரத்து இருநூறு.
பலாப்பழம் பிரிக்கிறதுபோல் இல்லை இது.
பழமென்றால் பிரித்த கையாவது மணக்கும்.
இதைப் பிரிக்க
யோகமலரின் வாசலில் ஒரு பள்ளம்,
சுகிர்தாவின் அடுப்படியில் ஒரு பள்ளம்,
எல்லாம் ஒரே ஆழம்,
ஒரு விரற்கடை கூடினாலும் சண்டை.
கச்சானைப் பன்றி கிண்டிவிட்டுப் போன வருசம்
நாங்கள் பள்ளத்தைத்தான் பங்கிட்டோம்,
நீதியாக.

மற்றக் கணக்கு கொஞ்சம் வேறை.
மறையை மறையால் வகுத்தால் நேர் என்று
கொட்டில் பள்ளிக்கூடத்தில் கத்திப் பாடமாக்கினோம்.
ஏன் சேர் என்று கேட்டவளுக்கு
அடிமட்டத்தால் விழுந்தது.
கேட்டது நான்தான்.
இருபத்திரண்டு வருசம் கழித்து
அவனுடைய பற்றுச்சீட்டுப் புத்தகத்தில் கிடந்தது விடை:
ஆறாயிரம் கடனுக்குள்
ஆயிரத்து இருநூறு கடன் எத்தனை தரம்?
ஐந்து தரம்.
சய இல்லாத வெறும் ஐந்து.
வேம்பின் கீழே கழற்றிவிட்ட ஐந்து சோடிச் செருப்பு.
எண்ணினது கடனை,
வந்து நின்றது ஆட்கள்.

ஆவணிக் கடைசியில் தர்மினி போனாள்.
பிள்ளையையும் தையல் மெசினையும் ஏற்றிக்கொண்டு
விடியமுன் பஸ்சில்.
வவுனியா என்றார்கள், கட்டுநாயக்கா என்றார்கள்.
ஆள் மறையும்;
மறை எண் மறையாது.

அந்தச் செவ்வாய் நாலால் வகுத்தேன்.
ஆளுக்கு ஆயிரத்து ஐந்நூறு.
"அவளின்ர பள்ளத்துக்க எங்களை ஏன் இறக்கிறீங்கள்?"
சுகிர்தா கத்தினாள்.
பெடியன் நல்லவன், சப்பாத்துத் தேய்ந்தவன்,
முகத்தைப் பார்க்காமல்
ஐந்து துண்டு எழுதிக் கிழித்தான்.
"சட்டம் அப்பிடி, அக்கா."
நான் செருப்பை எண்ணினேன்.
நாலு சோடி.
கணக்கில் பிழையில்லை.
கணக்குக்கு மட்டும் அவள்
ஒவ்வொரு கிழமையும் வந்துகொண்டிருக்கிறாள்.

வகுத்து வரும் விடைக்கு ஈவு என்று பெயர் வைத்தவர்
இரக்கத்தை எங்கே இறக்கிவிட்டார் என்று
அன்றிரவு யோசித்தேன்.
நித்திரை வரவில்லை, அதனால்தான்.

புரட்டாதி மூன்றாம் செவ்வாய்,
எட்டு மணிக்கு என் போன் சிணுங்கியது.
எழுநூறு ரூபாய் வந்திருந்தது.
தெரியாத நம்பர். பெயரில்லை.
மா குழைத்த கையோடு ஜசிந்தா எட்டிப் பார்த்தாள்.
"அனுப்பினது அனுப்பினாள், முழுசாய் அனுப்பியிருக்கலாம்,"
என்ற யோகமலர்
பிறகு கனநேரம் கதைக்கவில்லை.

சய ஆறாயிரம், சக எழுநூறு.
மீதியை நாலால் வகுக்க
ஆயிரத்து முந்நூற்று இருபத்தைந்து.
பழைய பள்ளத்தைவிட ஆழம்தான்,
என்றாலும் போன கிழமையிலிருந்து
நூற்றெழுபத்தைந்து மேலே.
அந்த இருபத்தைந்துக்குச் சில்லறை மாற்ற
சங்கக்கடைக்கு ஓடினாள் சுகிர்தா.

சந்தியில் மோட்டார்சைக்கிள் சத்தம்.
கொப்பியில் இன்னும் வெட்டாத ஐந்தாவது பெயருக்கு நேரே
எழுநூறு என்று எழுதினேன்,
முன்னால்
கோடு கீறாமல்.